கிரேனில் ஏறிய கேமரா

கூரைக்குக் கீழே ஓடும் கிரேனில் கேமராவைக் கட்டிவிட்டார்கள். கிரேன் நகர நகர, பட்டறையின் முழு நீளமும் அடியில் விரிகிறது. ஆள் உயரத்தைத் தாண்டிய சக்கரங்கள், பாதி கடைந்த தண்டுகள், குவிந்து கிடக்கும் உதிரி பாகங்கள், நடுவே தொப்பி போட்ட ஆட்கள். சிலர் நிமிர்ந்து பார்க்கிறார்கள். சிலர் எதையும் கண்டுகொள்ளாமல் கையிலிருக்கும் வேலையைத் தொடர்கிறார்கள். சத்தம் இல்லை, விளக்க எழுத்து இல்லை, காட்சி மாற்றமும் இல்லை. ரீல் தீர்ந்ததும் படம் நின்றுவிடுகிறது.

1904 ஏப்ரல், மே மாதங்களில் அமெரிக்காவின் பிட்ஸ்பர்க் நகருக்குக் கிழக்கே, டர்ட்டில் க்ரீக் என்ற சிற்றாற்றின் பள்ளத்தாக்கில் எடுத்த படங்களில் இது ஒன்று. ரயில்களுக்குக் காற்று பிரேக் செய்த கம்பெனி, ஜெனரேட்டரும் மோட்டாரும் செய்த கம்பெனி, எஞ்சின் செய்த கம்பெனி என்று அந்தப் பள்ளத்தாக்கில் ஜார்ஜ் வெஸ்டிங்ஹவுஸுக்கு வரிசையாகத் தொழிற்சாலைகள் இருந்தன. அதே ஆண்டு செயின்ட் லூயிஸ் நகரில் உலகக் கண்காட்சி. அங்கே தன் அரங்கில் தினமும் காட்டுவதற்காக அவர் பயோகிராஃப் கம்பெனியை வரவழைத்தார். கேமராவைப் பிடித்தவர் பில்லி பிட்ஸர். பத்தாண்டு கழித்து டி.டபிள்யூ. கிரிஃபித்தின் ‘பர்த் ஆஃப் எ நேஷன்’, ‘இன்டாலரன்ஸ்’ படங்களுக்கு ஒளிப்பதிவு செய்து சினிமா வரலாற்றில் இடம் பிடித்தவர் இவர்தான். அன்று அவருக்கு இட்ட வேலை எளிமையானது: முதலாளியின் தொழிற்சாலை எவ்வளவு பெரியது என்று ஊருக்குக் காட்ட வேண்டும். மொத்தத்தில் விளம்பரப் படம்.

அவற்றில் 21 படங்கள் இன்று கிடைக்கின்றன. இவற்றை நான் திரும்பத் திரும்பப் பார்ப்பதற்குக் காரணம், எடுத்தவருக்கு எந்தக் கருத்தும் சொல்லத் தோன்றாததுதான். எங்கே பார்க்க வேண்டும் என்று அவர் நம்மை வற்புறுத்துவதில்லை. முன்னால் நிற்கும் ஜெனரேட்டரைப் பெருமையாகக் காட்டுகிறார். நம் கண்ணோ பின்னால் கையைத் துடைத்துக்கொண்டு நிற்கும் ஆளிடம் போய்விடுகிறது.

உலைக்கூடத்துக்குள் படமெடுப்பது அன்றைக்குச் சின்ன விஷயம் அல்ல. அக்காலத்துச் சினிமா வெயிலை நம்பியே பிழைத்தது. பெரும்பாலான ஸ்டுடியோக்களுக்கே கண்ணாடிக் கூரைதான். புகை மண்டிய பட்டறையில் வெளிச்சத்துக்கு எங்கே போவது? வெஸ்டிங்ஹவுஸின் பணத்தில் வளர்ந்த இன்னொரு கண்டுபிடிப்பு கைகொடுத்தது. பீட்டர் கூப்பர் ஹெவிட் உருவாக்கிய பாதரச ஆவி விளக்கு. நீளக் கண்ணாடிக் குழாய்க்குள் பாதரச ஆவி எரிந்து நீலமும் பச்சையுமாக ஒளி தரும். அதில் சிவப்பு அநேகமாக இருக்காது. அந்த வெளிச்சத்தில் மனித முகம் பிணக்களை தட்டும், உதடு கறுத்துப்போகும். வீட்டுக்கு வாங்க யாரும் விரும்பாத விளக்கு, சினிமாவுக்கு வாகாக அமைந்தது. ஏனென்றால் அன்றைய பிலிமுக்கு நீலம் நன்றாகத் தெரியும், சிவப்புதான் தெரியாது.

இரும்பும் உருக்கும் என்றால் நம் மனதில் எழும் முதல் நிறமே சிவப்பு. அந்த நிறத்துக்கே குருடான பிலிமில்தான் இந்தத் தொழிலின் ஆரம்பகாலப் படங்கள் பதிவாயின. ‘உலையைத் திறத்தல்’ என்ற படத்தில் வாய் திறந்ததும் பாய்ந்து வரும் உலோகம் பால் வெள்ளையாகத் தெரிகிறது. கொதிக்கும் உலோகத்தின் ஒளியில் நீலமும் கலந்திருப்பதால்தான் அதுவாவது பதிவானது. ஆறி வெறும் செந்தணலாக மாறியபின் அது மற்ற இரும்போடு இரும்பாக இருட்டில் கரைந்துவிடும். தொட்டால் கை போய்விடும், படத்தில் அது வெறும் கறுப்புக் கட்டை.

பிரேக் கம்பெனியின் பவுண்டரி வில்மெர்டிங் என்ற ஊரில் இருந்தது. அங்கே எடுத்த வார்ப்புக் காட்சி ஒன்றும், அச்சு செய்யும் காட்சி ஒன்றும் நம் கைக்கு வந்திருக்கின்றன. கோவையில் கணபதி, பீளமேடு பக்கம் பவுண்டரிக்குள் நுழைந்து பார்த்தவர்கள் இதைப் பார்த்தால் அந்நியமாக உணரமாட்டார்கள். பெட்டியில் ஈரமணலை இடித்துக் கெட்டிப்படுத்துவது, மாதிரியை அலுங்காமல் தூக்கி எடுப்பது, இரண்டு பாதிகளைப் பொருத்துவது, உருகிய உலோகம் நிறைந்த வாளியான லேடிலைச் சாய்த்து நிதானமாக ஊற்றுவது எல்லாம் அதேதான். வித்தியாசம், அச்சுப் பெட்டிகள் ஓரிடத்தில் நிற்கவில்லை. முடிவில்லாமல் சுற்றும் மேசைமேல் வரிசையாக நகர்ந்து வருகின்றன. ஊற்றுகிறவன் அதன் வேகத்துக்கு ஈடுகொடுத்துத் தானும் நகர்ந்தபடி ஊற்ற வேண்டும். வில்மெர்டிங்கில் இந்த ஏற்பாடு 1890 வாக்கிலேயே வந்துவிட்டது. ஹென்றி ஃபோர்டு நகரும் வரிசையில் கார் பூட்டத் தொடங்கியது 1913இல்தான். வேலை ஆளைத் தேடி வரும், ஆள் அதன் வேகத்துக்கு ஓட வேண்டும் என்ற இருபதாம் நூற்றாண்டின் கட்டளை இந்தப் படத்தில் முன்கூட்டியே ஓடிக்கொண்டிருக்கிறது. அதைத்தான் பதிவு செய்கிறோம் என்று பிட்ஸருக்குத் தெரிந்திருக்கும் என்று நான் நினைக்கவில்லை.

அவர்கள் போட்டிருக்கும் உடையைக் கவனிக்க வேண்டும். தலையில் துணித் தொப்பி. இன்றைக்குக் கட்டாயமான ஹெல்மெட், முகக் கண்ணாடி, வெப்பம் தாங்கும் அங்கி எதுவும் இல்லை. நீராவிச் சம்மட்டிப் படத்தில் பெரிய உலோகக் கட்டையைச் சங்கிலியில் தொங்கவிட்டு ஆட்கள் சேர்ந்து புரட்டிக் கொடுக்கிறார்கள், சம்மட்டி மேலிருந்து இறங்குகிறது. புரட்டுவதும் அடிப்பதும் ஒரு நொடி பிசகினாலும் என்ன ஆகும் என்று யோசிக்காமல் அதைப் பார்க்க முடியாது.

இன்னொரு படம். வேலைக்குச் சேர்ந்த பெண்கள் தங்கள் நேரக் கணக்கு வில்லையை எடுத்துக்கொண்டு போகிறார்கள், அவ்வளவுதான். தரை தொடும் பாவாடை, உயர்த்திக் கட்டிய கொண்டை. ஒருவர் பின் ஒருவராக விறுவிறுவென்று வருகிறார்கள், எடுக்கிறார்கள், போய்க்கொண்டே இருக்கிறார்கள். மோட்டாருக்குச் செம்புக்கம்பிச் சுருள் சுற்றுவது இந்தப் பெண்களின் வேலை. அதற்கும் தனிப் படங்கள் உண்டு. கனரகத் தொழில் என்றாலே மீசையும் வியர்வையும் என்று பிற்காலப் படங்கள் பழக்கிவிட்டன. 1904இல் முதலாளி காசு கொடுத்து எடுத்த படத்தில் பெண்களுக்கு இருந்த இடம், அடுத்த அரை நூற்றாண்டின் உருக்குப் படங்கள் பலவற்றில் இல்லை.

கேமரா போகாத இடங்களும் அருகிலேயே இருந்தன. அந்தச் சிற்றாறு மனோங்ககேலா நதியில் கலக்கும் முகத்தில், பிராடக் என்ற ஊரில், ஆண்ட்ரூ கார்னகி 1875இல் தொடங்கிய எட்கர் தாம்சன் உருக்காலை. நதிக்கு அக்கரையில் ஹோம்ஸ்டெட். அங்கே 1892இல் தொழிற்சங்கத்தை உடைக்கத் தனியார் காவல் படையைப் படகில் ஏற்றிக் கொண்டுவந்தார்கள். துப்பாக்கிச் சண்டையில் இரு தரப்பிலும் உயிர் போனது. அதற்குப் பிறகு மனோங்ககேலா பள்ளத்தாக்கின் உருக்காலைகளில் சங்கம் மறுபடி காலூன்ற 1937 ஆயிற்று. உலையடியில் பன்னிரண்டு மணி நேர வேலை. இரண்டு வாரத்துக்கு ஒருமுறை பகல் ஷிஃப்டும் இரவு ஷிஃப்டும் மாறும் நாளில் தொடர்ந்து இருபத்து நான்கு மணி நேரம். அமெரிக்காவின் மிகப் பெரிய உருக்குக் கம்பெனியான யு.எஸ். ஸ்டீல் இந்தப் பன்னிரண்டு மணி முறையைக் கைவிட்டது 1923இல்தான்.

பிட்ஸர் கேமராவை மடக்கிக்கொண்டு போன மூன்றாம் ஆண்டு, கிரிஸ்டல் ஈஸ்ட்மன் என்ற இளம் வழக்கறிஞர் அதே வட்டாரத்துக்கு வந்தார். 1906 ஜூலை முதல் 1907 ஜூன் வரை பிட்ஸ்பர்க் அடங்கிய அலெகேனி கவுண்டியில் வேலையிடத்து விபத்துகளில் இறந்தவர்களை ஒருவர் விடாமல் எண்ணினார். 526 பேர். அவர்களில் 195 பேர் உருக்காலைக்காரர்கள். ஒரு காலண்டரில் ஒவ்வொரு சாவுக்கும் ஒரு சிலுவைக் குறி போட்டு 1910இல் வெளியிட்ட தன் புத்தகத்தில் சேர்த்தார். அந்தக் காலண்டரையும் 1904 படங்களையும் அடுத்தடுத்துப் பார்க்க வேண்டும் என்பது என் கட்சி. ஒன்றில் ஆட்கள் அசைகிறார்கள், பெயர் இல்லை, சாவு இல்லை. மற்றதில் அசைவே இல்லை.

அடுத்த அரை நூற்றாண்டில் உருக்கு கலைஞர்களின் கையில் சிக்கியது. ஜிகா வெர்டோவ் 1930இல் உக்ரைனின் டான்பாஸ் பகுதிக்கு ஒலிப்பதிவுக் கருவியைச் சுமந்துகொண்டு போய், சுரங்கச் சத்தத்தையும் உலைச் சத்தத்தையும் நேரடியாகப் பதிவு செய்து ‘என்தூசியாசம்’ எடுத்தார். யோரிஸ் இவன்ஸ் 1932இல் யூரல் மலைப்பக்கம் மக்னிடோகோர்ஸ்க் உருக்கு நகரம் எழும்புவதைப் படமாக்கினார். இசைக்கு ஹான்ஸ் ஐஸ்லர். நம் ஊரிலும் ஐம்பதுகளில் ஜாம்ஷெட்பூர் ஆலையைப் பற்றி ஹரிசாதன் தாஸ்குப்தா படமெடுத்தபோது கதையமைப்பு சத்யஜித் ராய், கேமரா க்ளோத் ரெனுவார். எல்லாமே அழகான படங்கள். எல்லாவற்றிலும் தொழிலாளி கீழிருந்து மேல்நோக்கி, வானத்தை முட்டும்படி தெரிகிறான். தேசத்தைத் தூக்கி நிறுத்துகிற வேலையை அவன் தலையில் வைத்துவிட்டார்கள். ஓரமாக உட்கார்ந்து மூச்சு வாங்க அவனுக்கு நேரம் தரவில்லை. வெர்டோவ் படமெடுத்த டான்பாஸ் இன்று போர்முனை. அசோவ் கடற்கரையில் மரியுபோலில் 1933இல் உற்பத்தியைத் தொடங்கிய அசோவ்ஸ்டால் ஆலை 2022 முற்றுகையில் சிதைந்துபோனதை உலகம் ட்ரோன் படங்களில் பார்த்தது.

பிட்ஸ்பர்க் பக்கத்து ஆலைகளைச் சிதைக்கக் குண்டு தேவைப்படவில்லை. ஹோம்ஸ்டெட் ஆலை 1986இல் மூடியது. அந்த மனையில் இப்போது ‘வாட்டர்ஃபிரன்ட்’ என்ற கடைவளாகம், சினிமா தியேட்டர், கார் நிறுத்துமிடம். ஒரு ஓரத்தில் பழைய செங்கல் புகைபோக்கிகள் வரிசையாக, அடியில் ஆலை இல்லாமல் நிற்கின்றன. அந்த ஆலைக்கு இரும்பு உருக்கிக் கொடுத்த கேரி ஊதுலைகள் ஆற்றின் மறுகரையில் துருவேறி நின்று, 2006இல் தேசிய வரலாற்றுச் சின்னம் ஆயின. டிக்கெட் வாங்கிச் சுற்றிப் பார்க்கலாம். கிறிஸ்டியன் பேல் நடித்த ‘அவுட் ஆஃப் தி ஃபர்னஸ்’ படத்தை இங்கேயும் பிராடக்கிலும் எடுத்தார்கள். வெஸ்டிங்ஹவுஸின் ஈஸ்ட் பிட்ஸ்பர்க் ஆலை 1988இல் ஓய்ந்தது. உலகின் முதல் வணிக வானொலிகளில் ஒன்றான கே.டி.கே.ஏ. 1920 நவம்பரில் ஒலிபரப்பைத் தொடங்கியது இந்த ஆலையின் கூரையிலிருந்துதான். பிட்ஸரின் கேமரா பறந்த அந்த நீளக் கூடங்களை இன்று சிறு கம்பெனிகள் துண்டு துண்டாக வாடகைக்கு எடுத்திருக்கின்றன.

எட்கர் தாம்சன் மட்டும் இன்னும் புகைகிறது. 150 ஆண்டுகளைத் தொட்ட ஆலை. 2025 ஜூனில் யு.எஸ். ஸ்டீலை ஜப்பானின் நிப்பான் ஸ்டீல் சுமார் 1,490 கோடி டாலருக்கு வாங்கியது. வாங்கிய இரண்டே மாதத்தில், அதே மனோங்ககேலா பள்ளத்தாக்கில் கிளேர்ட்டன் என்ற இடத்தில் நிலக்கரியைக் கோக்காக மாற்றும் அதன் ஆலையில் வெடிப்பு நேர்ந்து இரண்டு பேர் இறந்தார்கள். ஈஸ்ட்மன் காலத்தில் அது காலண்டரில் இரண்டு குறி. இன்றைக்கு அது உலகச் செய்தி. அந்த அளவுக்கு மாறியிருக்கிறது, அந்த அளவுக்குத்தான் மாறியிருக்கிறது.

வில்மெர்டிங் பவுண்டரியின் வாரிசு வாப்டெக் என்ற பெயரில் உலகம் முழுக்கப் பரவிவிட்டது. பீகாரில் மர்ஹோராவில் ரயில் எஞ்சின் செய்கிறது. 2016இல் ஃபேவ்லி என்ற பிரெஞ்சுக் கம்பெனியை வாங்கியபோது, அதன் கூடவே ஓசூரில் இருந்த ரயில் பிரேக் தொழிற்சாலையும் வந்து சேர்ந்தது. பென்சில்வேனியாவில் ஊமைப்படமாக நாம் பார்க்கும் தொழில், ஓசூரில் மூன்று ஷிஃப்ட் பஸ் பிடித்துப் போகும் தொழிலாக இருக்கிறது.

படமெடுக்கும் ஆளும் மாறினார். பிராடக்கில் ஆலைக் குடும்பத்தில் பிறந்த டோனி பியூபா எழுபதுகளிலிருந்து தன் ஊரையே படமெடுத்தார். கடை மூடுவது, சலூன்காரர், வேலை போனவர்கள், நம்பிக்கையும் நையாண்டியும் கலந்த பேச்சு. 1996இல் ரே ஹெண்டர்சனோடு சேர்ந்து அவர் செய்த ‘ஸ்ட்ரகிள்ஸ் இன் ஸ்டீல்’ முக்கியமானது. ஹெண்டர்சன் உருக்காலையில் வேலை செய்த கறுப்பினத்தவர். ஆலை மூடலைப் பற்றிய டி.வி. நிகழ்ச்சி ஒன்றைப் பார்த்தார். அதில் தன் இனத்தவர் ஒருவர்கூட இல்லை. அந்தக் கோபத்தில் பிறந்த படம். பழைய தொழிலாளிகள் ஒவ்வொருவராக உட்கார்ந்து, எந்த வேலையை நமக்குத் தருவார்கள், எதைத் தரமாட்டார்கள் என்று சொல்கிறார்கள். சூடும் தூசியும் மிகுந்த இடங்கள் யாருக்கு ஒதுக்கப்பட்டன என்பது அவர்கள் வாயால் வருகிறது. 1904 படங்களில் குரல் இல்லை என்பது தொழில்நுட்பக் குறைதான். அதற்குப் பின் ஒலி வந்து அறுபது ஆண்டுக்கு மேல் இந்தக் குரல் வராததற்கு அந்தச் சாக்கு இல்லை.

அந்த ஊமைப்படங்கள் பிழைத்து வந்ததும் குமாஸ்தாத்தனத்தின் தயவால். 1912 வரை அமெரிக்கப் பதிப்புரிமைச் சட்டத்துக்குச் சினிமா என்ற ஒன்றே தெரியாது, புகைப்படம் தெரியும். ஆகவே கம்பெனிகள் படம் முழுவதையும் நீளமான காகிதச் சுருளில் அச்சிட்டு, இது புகைப்படம் என்று சொல்லி லைப்ரரி ஆஃப் காங்கிரஸில் ஒப்படைத்தன. பிலிம் மூலப்பிரதிகள் எத்தனையோ எரிந்தும் மக்கியும் போக, காகிதம் கிடங்கில் தப்பித்தது. ஐம்பதுகளில் கெம்ப் நிவர் என்பவர் அந்தச் சுருள்களை ஒவ்வொரு ஃபிரேமாக மறுபடி பிலிமுக்கு மாற்றினார். அவருக்குச் சிறப்பு ஆஸ்கர் கொடுத்தார்கள். படத்தைக் காப்பாற்ற வேண்டும் என்று யாரும் காகிதத்தில் அச்சிடவில்லை. போட்டிக் கம்பெனி திருடக்கூடாது என்பதுதான் நோக்கம்.

இன்றைக்கு அதே போன்ற படம் எடுக்கப் போனால் எதை எடுப்பது? 1904இல் உலக உருக்கில் அமெரிக்காதான் முதல். 2024இல் உலகில் சுமார் 190 கோடி டன் உருக்கு உற்பத்தியானது, பாதிக்கு மேல் சீனாவில். இந்தியா சுமார் 15 கோடி டன்னோடு இரண்டாவது. ஆஸ்திரியாவில் டோனாவிட்ஸ் என்ற ஊர் உருக்குக்காரர்களுக்குத் தெரியும், இரும்பை உருக்காக மாற்றும் கலமான ‘எல்.டி. கன்வர்ட்டர்’ என்பதில் டி என்ற எழுத்து அந்த ஊர்தான். அங்கே 2017இல் திறந்த கம்பி உருட்டாலை ஆண்டுக்குச் சுமார் 5 லட்சம் டன் செய்கிறது. அதை ஓட்ட வேண்டியவர்கள் 14 பேர். திரைகளுக்கு முன்னால் உட்கார்ந்திருக்கிறார்கள். கேமராவைக் கிரேனில் கட்டி ஓட்டினால் அடியில் நிமிர்ந்து பார்க்க ஆள் இருக்கமாட்டார். அதனால்தான் இன்றைய கம்பெனிப் படங்களில் ட்ரோன், பொறி பறக்கும் காட்சி, பின்னணி இசை, மறுபடி பொறி. வேறு எதை அவர்கள் காட்டுவார்கள் என்று எனக்கும் சொல்லத் தெரியவில்லை.

உலைக்கூடத்தில் கேமரா குறைந்துவிட்டது என்று இதற்குப் பொருள் இல்லை. பெருகியிருக்கிறது. கன்வர்ட்டரைச் சாய்த்து உருக்கை லேடிலில் இறக்கும்போது, கடைசியில் மேலே மிதக்கும் கசடும் கலந்து வரப் பார்க்கும். கசடு லேடிலுக்குள் போனால் அரும்பாடுபட்டுப் பிரித்த பாஸ்பரஸ் திரும்ப உருக்கில் ஏறும். வெறும் கண்ணுக்கு இரண்டும் ஒரே வெள்ளைத் தீப்பிழம்பு. முன்பெல்லாம் உலையடியில் அனுபவசாலி ஒருவர் நீலக் கண்ணாடி வழியே தாரையை உற்றுப் பார்த்து, இதோ வந்துவிட்டது என்று குரல் கொடுப்பார். நீலத்தை முக்கியமாகக் காட்டும் அந்தக் கண்ணாடி, ஏறக்குறைய பிட்ஸரின் பிலிம் பார்த்த மாதிரியே பார்த்தது. இப்போது அந்த இடத்தில் அகச்சிவப்புக் கேமரா. சிவப்புக்கும் அப்பால் இருக்கும் அலைநீளத்தில் உருக்கைவிடக் கசடு பளிச்சென்று தெரியும். திரையில் ஒன்றுக்கு ஒரு நிறம், மற்றதற்கு வேறு நிறம் என்று கம்ப்யூட்டர் பூசிக் காட்டுகிறது. கசடின் பங்கு குறித்த அளவைத் தாண்டியதும் எச்சரிக்கை போகிறது. தானியங்கி முறைக்கு மாறிவிட்ட ஆலைகளில் யாரும் பார்த்துக்கொண்டிருக்க வேண்டும் என்றுகூட இல்லை. கன்வர்ட்டர் தானே நிமிர்ந்துகொள்கிறது.